இருபது நிமிடத்தில் நின்றுபோகும் பிளேஸ்டேஷன்

கேள்வி: பாஸ் அண்ணாவுக்கு வணக்கம். எங்கள் பெரியண்ணா 2012இல் கத்தாரிலிருந்து வரும்போது கொண்டுவந்த பிளேஸ்டேஷன் 3 ஒன்று வீட்டில் இருக்கிறது. மெல்லிசான மொடல். மூன்று மாதமாக அது ஸ்டக் ஆகிறது. விளையாடத் தொடங்கி இருபது நிமிடத்தில், சில வேளை அரை மணி நேரத்தில், படம் அப்படியே நின்றுவிடும். சத்தம் மட்டும் ‘ட்ர்ர்ர்’ என்று இழுத்துக்கொண்டே இருக்கும். வயரைப் பிடுங்கினால்தான் அணைகிறது. சில நாட்களில் போட்டவுடனே, மெனுவிலேயே நின்றுவிடுகிறது. உள்ளே இருக்கும் காற்றாடி, லொறி மேடு ஏறுவதுபோல இரைகிறது. எங்கள் ஊர் கந்தப்பளை. இந்தக் குளிரில் சூட்டினால் கோளாறு வருமா? டவுனில் ஒரு கடையில் காட்டினோம், ‘போர்ட் போய்விட்டது’ என்றார்கள். அடுத்த லயத்துப் பையன், துவாயால் சுற்றி ஒரு மணி நேரம் ஓடவிட்டால் சரியாகும் என்கிறான். செய்யலாமா? கொழுந்து நிறுத்து வீட்டுக்கு வந்த பிறகு அப்பாவும் தம்பியும் சேர்ந்து உட்காருவது இதன் முன்னால்தான். மூன்று வருஷமாக அவர்கள் விளையாடிவரும் கால்பந்து லீக் அதற்குள் இருக்கிறது.
— ஒரு வாசகி, கந்தப்பளை

பதில்:

அன்புள்ள தங்கச்சி,

துவாய் வேண்டாம். அந்தப் பையனிடமும் இன்றைக்கே சொல்லிவிடுங்கள், வேறு வீட்டுப் பெட்டியிலும் அவன் செய்து பார்த்துவிடக் கூடாது. போர்டில் விட்டுப்போன உலோக ஒட்டு சூட்டில் உருகி மறுபடி ஒட்டிக்கொள்ளும் என்ற நம்பிக்கையில்தான் துவாய் சுற்றுகிறார்கள். பிளேஸ்டேஷன் 3 வந்த காலத்தில் போர்டுகளுக்கு ஈயம் கலக்காத ஒட்டுத்தான் வைத்தார்கள். அது உருக ஏறக்குறைய 217 பாகை செல்சியஸ் வேண்டும். துவாய் சுற்றிய பெட்டி அந்தச் சூட்டின் பக்கத்தில்கூடப் போகாது. போகிற வழியில் உள்ளே இருக்கும் கப்பாசிட்டர், ஹார்ட் டிஸ்க், பிளாஸ்டிக் எல்லாவற்றையும் வேக வைத்துவிடும். விட்டுப்போன ஒட்டு சூட்டில் விரிந்து தொட்டுக்கொள்வதால் சில பெட்டிகள் நாலைந்து நாள் ஓடும். சரியாகிவிட்டது என்று சந்தோஷப்படுவார்கள். பிறகு அது திரும்பி எழுந்திருக்காது. ஹேர் ட்ரையரும் ஹீட் கன்னும் இதே கதைதான்.

இன்னொரு காரணமும் உண்டு. நீங்கள் எழுதியதைப் பார்த்தால் உங்கள் போர்ட் போனதாக எனக்குத் தோன்றவில்லை. போர்ட் போன பிளேஸ்டேஷன் 3ஐப் போட்டால் பச்சை விளக்கு வந்து, ஒரு கணம் மஞ்சளாகி, மூன்று பீப் அடித்து, சிவப்பு மினுங்க அணைந்துவிடும். படமே வராது. உங்களுடையது அரை மணி நேரம் பந்து விளையாடுகிறது.

பெட்டியில் கை வைப்பதற்கு முன்னால் லீக்கை வெளியே எடுத்துவிடுங்கள். இதை நான் அழுத்திச் சொல்கிறேன். பெட்டிக்கு மாற்றுப் பெட்டி கிடைக்கும், அப்பாவும் தம்பியும் மூன்று வருஷம் அடித்த கோல்கள் கிடைக்காது. ஒரு பென் டிரைவ் எடுங்கள். கம்பியூட்டரில் அதை ‘ஃபேட் 32’ என்ற முறையில் ஃபோர்மட் செய்யுங்கள், வேறு முறையில் இருந்தால் பெட்டி அதைப் பார்க்காது. காலையில், பெட்டி ஆறிக் கிடக்கும்போது போட்டு, விளையாட்டு எதையும் தொடாமல், ‘கேம்’ வரிசையில் மேலே இருக்கும் ‘சேவ்ட் டேட்டா யுட்டிலிட்டி’க்குப் போங்கள். லீக்கின் பெயர் மேல் நின்று முக்கோணப் பட்டனை அழுத்தினால் ‘கொப்பி’ என்று வரும். சிறிய கோப்புத்தான், நேரம் எடுக்காது. சில விளையாட்டுகள் கொப்பி பண்ண விடாமல் பூட்டி வைத்திருக்கும். அப்படியானால் ‘செட்டிங்ஸ்’ வரிசையில், ‘சிஸ்டம் செட்டிங்ஸ்’ உள்ளே ‘பேக்கப் யுட்டிலிட்டி’ இருக்கிறது. அது முழுவதையும் எடுக்கும், அதனால் பெரிய டிரைவும் பொறுமையும் வேண்டும். பூட்டிய கோப்பு அதே பெட்டிக்குள் மட்டும்தான் திரும்பிப் போகும். நாம் திருத்தப் போவது அதே பெட்டிதான் என்பதால் பயமில்லை.

சரி, இப்போது கோளாறு.

ஸ்டக் ஆவது ஒரே நோய் இல்லை. காய்ச்சல் மாதிரி, பல நோய்க்கும் அது வரும். கடைக்காரர் ஐந்து நிமிடம் போட்டுப் பார்த்துவிட்டு போர்ட் என்று சொன்னதும் அதனால்தான், இருபதாவது நிமிடத்தை அவர் பார்க்கவே இல்லை. தம்பியின் பழைய அப்பியாசக் கொப்பி ஒன்றை டீவிக்குப் பக்கத்தில் வையுங்கள். நாலு நாளைக்கு, ஒவ்வொரு முறை நிற்கும்போதும் தம்பி எழுதட்டும்: எத்தனை மணிக்குப் போட்டது, எத்தனை மணிக்கு நின்றது, என்ன விளையாட்டு, எந்த இடம், திரும்பப் போட்டபோது எத்தனை நிமிடம் தாங்கியது. என் மேசைக்கு வரும் பெட்டிகளில் பாதிக்கு மேல் இந்தக் கொப்பியிலேயே நோய் தெரிந்துவிடும்.

எந்த விளையாட்டானாலும் இருபது நிமிடத்தில் நின்று, உடனே திரும்பப் போட்டால் ஐந்து நிமிடத்தில் நிற்கிறதா? அது சூடு. ஒரே விளையாட்டில், ஒரே இடத்தில் மட்டும் நிற்கிறதா? அந்த டிஸ்க், அல்லது அந்த விளையாட்டின் கோப்பு. ஆறிக் கிடந்த பெட்டி போட்ட இரண்டாவது நிமிடத்தில் மெனுவில் நிற்கிறதா? அது சூடாக இருக்க வழியே இல்லை, அங்கே ஹார்ட் டிஸ்கைத்தான் நான் முதலில் பார்ப்பேன். மாலை ஆறு மணிக்கு மேல் மட்டும் வருகிறதா? கரண்ட். படம் ஓடுகிறது, கையில் இருக்கும் ரிமோட் மட்டும் கேட்கவில்லை என்றால் அது ஸ்டக்கே இல்லை, ரிமோட்டின் பேட்டரி.

உங்கள் கடிதத்தில் இரண்டு நோயின் அடையாளம் இருக்கிறது. இரைச்சலோடு இருபது நிமிடத்தில் நிற்பது ஒன்று. மெனுவிலேயே நிற்பது மற்றொன்று. இரண்டும் சேர்ந்து இருக்கலாம், இவ்வளவு வயதான பெட்டியில் அது புதுமை இல்லை.

சூட்டைப் பற்றி நீங்கள் கேட்ட கேள்வி நல்ல கேள்வி. மலைநாட்டில் எல்லோரும் இப்படித்தான் நினைக்கிறார்கள், நானும் தொழில் பழகிய காலத்தில் அப்படித்தான் நினைத்தேன். அறை குளிராக இருப்பது உதவிதான். ஆனால் அந்தக் குளிர் சிப்புக்குப் போய்ச் சேர வேண்டுமே! சிப்பின் மேல் சூட்டைக் கடத்தும் பேஸ்ட், பேஸ்டின் மேல் உலோகத் தகடுகள், தகடுகளுக்கு இடையே காற்று. இந்தச் சங்கிலியில் ஒன்று அறுந்தாலும் வெளியே பனி கொட்டினால்கூட உள்ளே அவியும். நுவரெலியா நகரம் 1868 மீட்டர் உயரத்தில் இருக்கிறது. அந்த உயரத்தில் காற்றழுத்தம் கடலோரத்தில் இருப்பதில் ஐந்தில் நாலு பங்குதான். காற்றாடி ஒரு சுற்றில் தள்ளும் காற்று, கொழும்பில் தள்ளுவதைவிட மெலிந்தது. குளிர் தருகிற லாபத்தில் கொஞ்சத்தை உயரம் எடுத்துக்கொள்கிறது.

பெரிய எதிரி அதுவும் இல்லை, புகை. லயத்துக் காம்பராவில் விறகு அடுப்பு ஒரு பக்கம், சாமித் தட்டில் சாம்பிராணியும் ஊதுபத்தியும் ஒரு பக்கம். கொழும்பு வீட்டிலிருந்து வரும் பெட்டியைத் திறந்தால் உள்ளே பஞ்சு மாதிரி சாம்பல் நிறத் தூசி இருக்கும், ஊதினால் பறந்துவிடும். நம் பக்கத்துப் பெட்டியைத் திறந்தால் தகடுகளுக்கு நடுவே கருப்பட்டிப் பாகு காய்ந்தது மாதிரி ஒரு படலம். நகத்தால் சுரண்டினால் நகத்தோடு வரும், மோந்து பார்த்தால் அடுப்படி வாசம். புகையின் எண்ணெயும் தூசியும் மூடுபனியின் ஈரமும் சேர்ந்து இறுகியது அது. என்ன ஊதினாலும் அசையாது. தூரிகையும் ஐசோப்ரோபைல் ஆல்கஹாலும் கொண்டு தகடு தகடாகக் கழுவ வேண்டும்.

பெட்டியை எங்கே வைத்திருக்கிறீர்கள் என்று எழுதவில்லை. சாமித் தட்டுக்குக் கீழே, சுவர்ப் பலகையில், அடியில் ஒரு துணி விரித்து, மேலே தூசி விழாமல் பூப்போட்ட விரிப்பு போர்த்தி வைத்திருந்தால் எனக்கு ஆச்சரியம் இல்லை, வருகிற பெட்டிகள் பலவும் அப்படித்தான் இருந்திருக்கின்றன. மெல்லிசான மொடல் அடியிலும் பக்கத்திலும் உள்ள துளைகள் வழியாகக் காற்றை இழுத்து, பின்பக்கம் சூடாக வெளியே விடுகிறது. துணி விரித்தால் மூக்கைப் பொத்திய மாதிரி. துணியை எடுங்கள், கெட்டியான வெறும் பலகையில் வையுங்கள். பின்பக்கத்துக்கும் சுவருக்கும் இடையே ஒரு சாண் இருக்கட்டும். அடுப்பு எரியும் காம்பராவில் வேண்டாம், வேறு இடமே இல்லை என்றால் சமையல் நடக்கும்போது போட வேண்டாம். அடுப்பு மூட்டியவுடன் குளிர்ந்த பொருள்களின் மேல் ஆவி முத்து முத்தாகப் படிவதைப் பார்த்திருப்பீர்கள். டிஸ்கைப் படிக்கும் லென்ஸிலும் அது படியும். அப்போது டிஸ்க் போட்டால் படிக்காது, உறுமும். ஒரு மணி நேரம் பொறுத்துப் போட்டால் போதும்.

இடத்தை மட்டும் மாற்றி இரண்டு நாள் கொப்பியில் எழுதிப் பாருங்கள். இருபது நிமிடம் ஐம்பது நிமிடமானால் சூடு என்பது உறுதி. அப்போது பெட்டியைத் திறந்து கழுவி, பேஸ்ட் மாற்ற வேண்டும். இதை வீட்டில் செய்யச் சொல்ல எனக்கு மனம் வரவில்லை. உள்ளேயே 230 வோல்ட் பவர் சப்ளை இருக்கிறது, வயரைக் கழற்றிய பிறகும் கொஞ்ச நேரம் அதில் கரண்ட் தங்கியிருக்கும். பூவிதழ் மாதிரி மெல்லிய ரிப்பன் வயர்களும் இருக்கின்றன, அவசரப்பட்டால் கிழியும். வெளியிலிருந்து நீங்கள் செய்யக்கூடியது வேக்குவம் கிளீனரால் துளைகளை மெதுவாக உறிஞ்சுவது. பஸ்ஸுக்குக் காற்றடிக்கும் கொம்ப்ரஸரில் கொண்டுபோய்ப் பிடிக்காதீர்கள். நம் ஈரக் காற்றில் அந்தத் தொட்டிக்குள் தண்ணீர் சேர்ந்திருக்கும், காற்றோடு அதையும் பீய்ச்சிவிடும். காற்றாடியும் தாறுமாறாகச் சுற்றி அச்சு கெடும்.

இனி ஹார்ட் டிஸ்க். இங்கே என் அனுபவம் ஒன்றைச் சொல்ல வேண்டும். சில வருஷத்துக்கு முன் பொகவந்தலாவைப் பக்கத்திலிருந்து ஒரு அப்பா, மகனின் பெட்டியைக் கொண்டுவந்தார். இதே கதை, ஸ்டக். திறந்து கழுவி பேஸ்ட் மாற்றிக் கொடுத்தேன். இரண்டு வாரத்தில் திரும்பி வந்தது. வேறு பேஸ்ட் போட்டேன். மறுபடி வந்தது. மூன்றாவது தடவை அவர் பஸ்ஸில் மடியில் வைத்துக்கொண்டு வந்து மேசையில் வைத்தபோது எனக்கு வெட்கமாக இருந்தது. அன்றைக்குத்தான் காதை வைத்துக் கேட்டேன். காற்றாடி இரைச்சலுக்கு அடியில் ‘டிக்… டிக்…’ என்று நகம் தட்டுவதுபோல ஒரு சத்தம். ஹார்ட் டிஸ்க் ஒரே இடத்தைப் படிக்க முடியாமல் திரும்பத் திரும்பத் தவித்துக்கொண்டிருந்தது. பழைய லேப்டொப் டிஸ்க் ஒன்றைப் போட்டேன், அதோடு நோய் போனது. அவர் மூன்று முறை பஸ் ஏறியதற்குக் காரணம் நான் கேள்வி கேட்காமல் ஆணியைக் கழற்றியதுதான். கொப்பி எழுதச் சொல்லும் பழக்கம் அன்றிலிருந்து வந்தது.

உங்கள் டிஸ்குக்கு வயதோடு இன்னொரு துன்பமும் இருக்கிறது. 2022ஐ நினைத்துப் பாருங்கள். மார்ச் முடிவில் ஒரு நாளைக்கு 13 மணி நேரம் வரை கரண்ட் வெட்டினார்கள். டிஸ்க் எழுதிக்கொண்டிருக்கும்போது கரண்ட் போனால் எழுதிய பாதி, எழுதாத பாதி என்று கோப்பு கிழிந்து நிற்கும். வெட்டு முடிந்த பிறகும் நம் மலையில் இடி மழைக்கு, மரக்கிளை வயரில் விழுந்ததற்கு, எதற்கெல்லாமோ கரண்ட் போகிறது. இப்போது நீங்களும் ஒவ்வொரு தடவையும் வயரைப் பிடுங்குகிறீர்கள். டிஸ்குக்கு அதுவும் ஒரு கரண்ட் வெட்டுத்தான். இனி நின்றால் முன்பக்கத்துப் பவர் பட்டனைப் பதினைந்து வினாடி அழுத்திப் பிடியுங்கள், அணையும். அதற்கும் மசியாவிட்டால் மட்டும் வயர்.

கிழிந்த கோப்புகளைத் தைக்க பெட்டிக்குள்ளேயே ஒரு வழி இருக்கிறது, காசு செலவில்லை. லீக்கைக் கொப்பி பண்ணிய பிறகு மட்டும் செய்யுங்கள். சிவப்பு விளக்கு எரியும்போது பவர் பட்டனை அழுத்தியபடியே இருங்கள். பெட்டி ஓடத் தொடங்கி, தானே மறுபடி அணையும். விரலை எடுங்கள். திரும்பவும் அழுத்திப் பிடியுங்கள். ஒற்றை பீப் கேட்கும், எடுக்க வேண்டாம். இரண்டு பீப் அடுத்தடுத்து விரைவாகக் கேட்டதும் எடுத்துவிடுங்கள். ரிமோட்டை வயரால் சொருகச் சொல்லும். அதற்குப் பிறகு வரும் பட்டியலில் மூன்றாவது ‘ரீஸ்டோர் ஃபைல் சிஸ்டம்’. அதை ஓடவிடுங்கள். முடிந்ததும் அதே வழியில் வந்து நான்காவது, ‘ரீபில்ட் டேட்டாபேஸ்’. ஐந்தாவதைத் தொடவே கூடாது, அது முழுவதையும் அழித்துவிடும். இது ஓடும் நேரத்தில் கரண்ட் போகக் கூடாது, அதனால் மழை இருட்டாத ஒரு காலைப் பொழுதில் செய்யுங்கள்.

இதற்குப் பிறகு மெனுவில் ஸ்டக் ஆவது நின்றால் டிஸ்க் தப்பித்தது. ஒரு வாரத்தில் திரும்பி வந்தால் டிஸ்க் முடிந்தது. மாற்றுவது பயப்படும்படியான வேலை இல்லை, இதை நீங்களே செய்யலாம். 2012இல் விற்ற மெல்லிசு மொடல்கள் பலவற்றில் அடிப்பக்கம், முன் ஓரத்தில் ஒரு சிறிய மூடி. அதற்குள் ஒரே ஒரு நீல ஆணி. அதைக் கழற்றினால் டிஸ்க் தட்டோடு வெளியே வரும். லேப்டொப்பில் போடும் 2.5 அங்குல சாட்டா டிஸ்க் எதுவும் பொருந்தும், 9.5 மில்லிமீட்டருக்கு மேல் தடிப்பு இருக்கக் கூடாது. கடையில் புதிதே வேண்டும் என்பதில்லை, உடைந்த லேப்டொப்பின் நல்ல டிஸ்க் போதும். புதிய டிஸ்க் போட்டதும் பெட்டி சிஸ்டம் மென்பொருளைக் கேட்கும். அதைச் சோனியின் தளத்திலிருந்து பென் டிரைவில் இறக்கி வைத்துக்கொள்ளுங்கள். டிரைவில் ‘பிஎஸ்3’ என்ற ஃபோல்டரும் அதற்குள் ‘அப்டேட்’ என்ற ஃபோல்டரும், இரண்டும் ஆங்கிலப் பெரிய எழுத்தில், இருக்க வேண்டும். கோப்பு அதற்குள்.

கரண்ட் விஷயத்தில் சுருக்கமாகச் சொல்கிறேன். லயத்தின் கடைசிக் காம்பரா உங்களுடையது என்றால், மாலையில் எல்லா வீட்டிலும் கேத்தலும் அயனும் போடும்போது பல்ப் மங்குகிறதா என்று பாருங்கள். மங்கினால் அந்த நேரத்தில் விளையாட வேண்டாம். ஒரே மல்டி பிளக்கில் கேத்தலும் இதுவும் சேர்ந்து கிடக்கக் கூடாது. மார்ச், ஏப்ரலிலும் ஒக்டோபர், நவம்பரிலும் மத்தியானம் இடி முழங்கத் தொடங்கினால் சுவிட்சை அணைப்பது போதாது, பிளக்கையே கழற்றுங்கள்.

விளையாட்டு டிஸ்கில் கீறல் என்று யாராவது பற்பசை தேய்க்கச் சொன்னால் கேட்காதீர்கள். பழைய சீடியில் விஷயம் எழுதிய தளம், லேசர் பார்க்கும் பக்கத்திலிருந்து 1.2 மில்லிமீட்டர் உள்ளே இருந்தது, தேய்த்தாலும் தாங்கியது. பிளேஸ்டேஷன் 3இன் விளையாட்டு டிஸ்க் புளூ-ரே, அதில் அந்த ஆழம் 0.1 மில்லிமீட்டர் மட்டும். மெல்லிய பருத்தித் துணியால் நடுவிலிருந்து விளிம்புக்கு நேராகத் துடைத்தால் போதும், வட்டமாக வேண்டாம்.

செலவு பண்ணத் தகுமா என்று நீங்கள் கேட்கவில்லை, ஆனால் மனதில் இருக்கும். கழுவி பேஸ்ட் போடுவதும், ஒரு பழைய டிஸ்கும், இந்த இரண்டும் தகும். போர்டை எடுத்து சிப்பைக் கழற்றி ஒட்டும் வேலை தகாது. இந்தப் பெட்டியைத் தயாரிப்பது ஜப்பானிலேயே 2017இல் நின்றுபோனது, அந்த வேலைக்குக் கொடுக்கும் காசுக்கு நல்ல நிலையில் இன்னொன்று தேடலாம். லீக் பென் டிரைவில் இருந்தால் அதிலிருந்தே தொடரலாம், பூட்டாத கோப்பாக இருந்தால்.

கடைக்குக் கொண்டுபோனால் கொப்பியையும் கொண்டுபோங்கள். மூன்று வார்த்தை சொல்லிவிடுங்கள்: போர்டைச் சூடாக்க வேண்டாம், சிப்பின் உலோக மூடியைக் கழற்ற வேண்டாம், பழைய டிஸ்கைத் திருப்பித் தர வேண்டும். அந்த மூடிக்குள்ளும் ஒரு பேஸ்ட் உண்டு, உண்மைதான், அதை மாற்றினால் இன்னும் குளிரும். ஆனால் கத்தி ஒரு மயிரிழை சறுக்கினால் சிப் போய்விடும். தினமும் அதைச் செய்கிற கை இல்லையென்றால் வேண்டாம். பார்க்கிறவர் அரை மணி நேரமாவது ஓடவிட்டுப் பார்க்கட்டும். அவசரப்படுத்தினால் பெட்டியைத் தூக்கிக்கொண்டு வந்துவிடுங்கள்.

நாலு நாள் கொப்பி முடிந்ததும் அந்தப் பக்கத்தைப் படம் பிடித்து அனுப்புங்கள். பெட்டியின் அடியில் ஒட்டியிருக்கும் ஸ்டிக்கரில் ‘சிஇசிஎச்’ என்று தொடங்கும் எண் ஒன்று இருக்கும், அதையும் சேர்த்து எழுதுங்கள். அப்பாவிடம் சாமித் தட்டை நகர்த்தச் சொல்ல வேண்டியதில்லை, பெட்டியை மட்டும் ஜன்னல் பக்கம் நகர்த்துங்கள்.